திங்கட்கிழமை பேலியோ தொடங்கலாமா, டாக்டர்?

கேள்வி: எனக்கு வயது 44. உயரம் 156 செ.மீ., எடை 82 கிலோ. ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் பிரிவில் சூப்பர்வைசராக இருக்கிறேன். ஐந்து வருடமாகச் சர்க்கரை. கடைசியாகப் பார்த்த ஹெச்பிஏ1சி (மூன்று மாதச் சராசரிச் சர்க்கரை) 8.4. மெட்ஃபார்மினும் கிளிமிபிரைடும் சேர்ந்த மாத்திரை காலை, இரவு; டாபாகிளிஃப்ளோசின் 10 மி.கி. காலையில், பிரஷருக்கு ஒன்று. என் நாத்தனார் பேலியோ (சோறு, இட்லியை நிறுத்தி முட்டை, பனீர், நெய் என்று சாப்பிடும் முறை) இருந்து நான்கு மாதத்தில் 14 கிலோ குறைத்துவிட்டார். தை மாதம் என் மகளுக்குக் கல்யாணம். அதற்குள் நானும் குறைக்க வேண்டும் என்று வருகிற திங்கட்கிழமை ஆரம்பிக்க இருக்கிறேன். "ஆரம்பிச்ச அன்னைக்கே மாத்திரையை நிறுத்திடுங்க அண்ணி" என்கிறார் கொழுந்தனார். "அது கிட்னியைக் கெடுத்துடும், 16 மணி நேர விரதம்தான் நல்லது" என்கிறார் கம்பெனியில் ஒரு அக்கா. வீட்டுக்காரர் சிறுதானியம் போதும் என்கிறார். இன்னொருவர் ஜிஎம் டயட் ஏழே நாள் என்கிறார். எதில் பலன் இருக்கிறது, எதில் ஆபத்து இல்லை? நாத்தனார் மாதிரி முடி கொட்டுமா? மகளும் (58 கிலோ, 160 செ.மீ.) என்னோடு சேர்ந்து டயட் இருக்கிறேன் என்கிறாள். இருக்கலாமா?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருப்பூர்

பதில்: திங்கட்கிழமை வேண்டாம். பேலியோவே கூடாது என்று நான் சொல்லவில்லை. உங்கள் மருந்துச் சீட்டில் இருக்கும் இரண்டு மாத்திரைகளைப் பற்றி உங்கள் டாக்டரிடம் பேசிவிட்டு ஆரம்பியுங்கள் என்கிறேன். எந்த டயட் என்ற கேள்விக்கு அப்புறம் வருகிறேன். உங்களைப் பொறுத்தவரை முட்டையும் நெய்யும் அவ்வளவு பெரிய கவலை இல்லை. சோற்றையும் இட்லியையும் ஒரே நாளில் நிறுத்தினால் அந்த இரண்டு மாத்திரைகளும் உடம்புக்குள் என்ன செய்யும் என்பதுதான் கவலை.

முதலில் கிளிமிபிரைடு. கணையத்தைத் தூண்டி இன்சுலினைச் சுரக்க வைக்கிற மாத்திரை அது. நீங்கள் சாப்பிட்டது நாலு இட்லியா, நாலு துண்டு பனீரா என்று அதற்குத் தெரியாது. போட்ட அளவுக்கு வேலை செய்துவிடும். மாவுச்சத்து கால்வாசியாகக் குறைந்து மாத்திரை மட்டும் அப்படியே இருந்தால் சர்க்கரை 70-க்குக் கீழே இறங்கலாம். கை நடுக்கம், வியர்வை, படபடப்பு, அகோரப் பசி, பிறகு பேச்சுத் தடுமாற்றம், மயக்கம். இந்த மாத்திரையால் வரும் தாழ்சர்க்கரை சில சமயம் மணிக்கணக்கில் நீடிக்கும், ஏறி மறுபடியும் இறங்கும். அப்படி வந்தால் மூன்று டீஸ்பூன் சர்க்கரையையோ குளுக்கோஸையோ தண்ணீரில் கரைத்து உடனே குடிக்க வேண்டும். 15 நிமிடம் கழித்துச் சர்க்கரையைப் பார்க்க வேண்டும். ஏறவில்லை என்றால் மறுபடியும் குடிக்க வேண்டும். 'டயட் கெட்டுப்போய்விடுமே' என்று அந்த நேரத்தில் வெண்ணெயை எடுத்துச் சாப்பிடுகிறவர்கள் உண்டு. கொழுப்பு சர்க்கரையை ஏற்றாது.

அடுத்தது டாபாகிளிஃப்ளோசின். இது நல்ல மருந்து. சிறுநீர் வழியாகச் சர்க்கரையை வெளியேற்றும், இதயத்துக்கும் சிறுநீரகத்துக்கும் பாதுகாப்புத் தரும். ஆனால் இது உடம்பைக் கொஞ்சம் கொழுப்பை எரிக்கும் பக்கமாகவே தள்ளிவைக்கும். கொழுப்பு எரியும்போது உண்டாகும் கீட்டோன் என்ற அமிலப் பொருள்கள் சற்றுக் கூடுதலாக உருவாகும். சாதாரணச் சாப்பாடு சாப்பிடுகிறவர்களுக்கு அதனால் பெரும்பாலும் ஒன்றும் ஆகாது. இதன்மேல் நீங்கள் மாவுச்சத்தையும் அடியோடு நிறுத்தினால் கீட்டோன் கட்டுக்கடங்காமல் ஏறி ரத்தம் அமிலத்தன்மை அடையலாம். கீட்டோஅசிடோசிஸ் என்கிறோம். அரிதுதான், ஆனால் வந்தால் தீவிர சிகிச்சைப் பிரிவில் படுக்க வேண்டிய நோய். வழக்கமாக இது வரும்போது சர்க்கரை 300, 400 என்று இருக்கும்; பார்க்கிற யாருக்கும் சந்தேகம் வந்துவிடும். இந்த மாத்திரையோடு வரும்போது வீட்டு மெஷினில் 160, 180 என்றுகூடக் காட்டலாம். 'சுகர் நார்மலாகத்தானே இருக்கு, புதுச் சாப்பாடு ஒத்துக்கலை போல' என்று வாந்திக்கு மாத்திரை போட்டுக்கொண்டு இரண்டு நாள் வீட்டில் படுத்துவிடுவார்கள். அமெரிக்காவின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2015-லேயே இதற்கு எச்சரிக்கை விடுத்தது. அறுவை சிகிச்சைக்கு முன் பட்டினி இருக்க வேண்டும் என்றால்கூட இந்த மாத்திரையை மூன்று நாள் முன்பே நிறுத்தச் சொல்கிறோம்.

இது உங்களுக்கு மட்டுமான விஷயமும் அல்ல. காப்புரிமைக் காலம் முடிந்ததும் இந்த வகை மாத்திரைகளின் விலை இங்கே மளமளவென்று இறங்கிவிட்டது. இப்போது மெட்ஃபார்மினோடு சேர்த்து, வேறு மாத்திரையோடு சேர்த்து என்று பல பெயர்களில் வருகிறது. தாங்கள் இதைச் சாப்பிடுகிறோம் என்பதே பலருக்குத் தெரியாது. மாத்திரை அட்டையைத் திருப்பிச் சின்ன எழுத்தைப் படியுங்கள். 'கிளிஃப்ளோசின்' என்று முடிகிற பெயர் ஏதாவது இருந்தால், பேலியோ, கீட்டோ (மாவுச்சத்தை ஏறக்குறைய அடியோடு குறைக்கும் டயட்), நீண்ட பட்டினி எதுவாக இருந்தாலும் டாக்டரைக் கேட்காமல் ஆரம்பிக்காதீர்கள்.

சரி, கொழுந்தனார் சொல்வது போல எல்லாவற்றையும் நிறுத்திவிட்டால்? 8.4 இருக்கிற ஒருவர் நான்கு மாத்திரையையும் ஒரே நாளில் விட்டுவிட்டு, மூன்றாவது வாரம் சொந்தக்காரர் வீட்டு வளைகாப்பில் வழக்கமான சாப்பாட்டுக்குத் திரும்பினால் சர்க்கரை எங்கே போய் நிற்கும் என்று யோசித்துப் பாருங்கள். மாவுச்சத்தை நன்றாகக் குறைக்கப் போகிறார் என்று தெரிந்தால் பொதுவாக நாங்கள் செய்வது இதுதான்: டாபாகிளிஃப்ளோசினை நிறுத்துவோம், கிளிமிபிரைடைப் பாதியாக்குவோம் அல்லது நிறுத்துவோம், மெட்ஃபார்மினைத் தொடரச் சொல்வோம், பிரஷர் மாத்திரையை இரண்டு வாரத்தில் மறுபடியும் பார்ப்போம். மாவுச்சத்து குறையும்போது சிறுநீரில் உப்பும் நீரும் நிறைய வெளியேறி பிரஷர் இறங்கும். எழுந்து நின்றால் கண் இருட்டும். உங்களுக்கு இதயத்துக்காகவோ சிறுநீரகத்துக்காகவோ டாபாகிளிஃப்ளோசின் எழுதியிருந்தால் கணக்கே மாறும். மருந்தை வைத்துக்கொண்டு சாப்பாட்டு மாற்றத்தை மிதமாக்குவோம். இதை உங்கள் டாக்டர்தான் உங்களை உட்கார வைத்து முடிவு செய்ய வேண்டும். என் பதிலைப் படித்துவிட்டு நீங்களே மாத்திரையை உடைத்துப் போடாதீர்கள்.

இப்போது நாத்தனாரின் 14 கிலோ. அவருக்குச் சர்க்கரை உண்டா, என்ன மாத்திரை என்று நீங்கள் எழுதவில்லை. ஒன்றும் இல்லை என்றால் அவருக்கு இருந்த ஆபத்து உங்களுக்கு இருப்பதில் சிறு பங்குதான். அவர் குறைத்தது பொய்யும் அல்ல. முதல் வாரம் தடாலென்று குறைவதில் பெரும்பகுதி தண்ணீர். கல்லீரலிலும் தசையிலும் நானூறு, ஐந்நூறு கிராம் அளவுக்கு மாவுச்சத்து சேமிப்பு இருக்கும். ஒவ்வொரு கிராமும் சுமார் மூன்று கிராம் நீரைப் பிடித்து வைத்திருக்கும். சோற்றை நிறுத்தினால் சேமிப்பு கரைகிறது, நீரும் போகிறது, தராசில் இரண்டு கிலோ குறைகிறது. அதற்குப் பிறகு குறைவது கொழுப்பும், கொஞ்சம் தசையும். மாவுச்சத்து குறைந்து புரதம் கூடினால் பசி அடங்குகிறது. அதனால் கணக்குப் பார்க்காமலேயே குறைவாகச் சாப்பிடுகிறார்கள்.

நம் ஊர் பேலியோவைப் பற்றி ஒரு வார்த்தை. அமெரிக்காவில் 2002 வாக்கில் பிரபலமான பேலியோவில் பாலும் கிடையாது, வெண்ணெயும் கிடையாது. கற்காலத்தில் யார் மாடு கறந்தார்கள் என்பது அவர்கள் வாதம். இங்கே ஓடுவது பனீர், பட்டர் டீ, நெய், முட்டை, காலிஃபிளவர் சாதம், காலையில் நூறு பாதாம். குணத்தில் இது கீட்டோவுக்குப் பக்கத்து வீடு. கீட்டோ பிறந்ததோ எடை குறைக்க அல்ல. 1921-இல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் வலிப்பு நோய்க்காக வகுத்த சாப்பாட்டு முறை அது; மருந்துக்கு அடங்காத வலிப்புள்ள குழந்தைகளுக்கு இன்றும் மருத்துவமனைக் கண்காணிப்பில் கொடுக்கிறோம்.

எது அதிகம் குறைக்கிறது என்பதை நன்றாகவே ஆராய்ந்து பார்த்திருக்கிறார்கள். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் 609 பேரை இரண்டாகப் பிரித்து, ஒரு பாதிக்குக் கொழுப்பு குறைந்த சாப்பாடு, மறு பாதிக்கு மாவுச்சத்து குறைந்த சாப்பாடு என்று ஒரு வருடம் பார்த்தார்கள். முடிவு 2018-இல் வந்தது. கொழுப்பைக் குறைத்தவர்கள் சராசரியாக 5.3 கிலோ, மாவுச்சத்தைக் குறைத்தவர்கள் 6 கிலோ. வித்தியாசம் பொருட்படுத்தும் அளவுக்கு இல்லை. ஆனால் எனக்கு அதில் முக்கியமாகப் படுவது இன்னொன்று: இரண்டு பக்கத்திலுமே 25 கிலோவுக்கு மேல் இறங்கியவர்களும் இருந்தார்கள், பல கிலோ ஏறியவர்களும் இருந்தார்கள். யாருக்கு எது ஒத்துவரும் என்று மரபணுவையும் இன்சுலின் சுரப்பையும் வைத்து முன்கூட்டியே சொல்ல முடியுமா என்று பார்த்தார்கள்; முடியவில்லை. 'ஜீன் டெஸ்ட் எடுத்து உங்களுக்கான டயட்' என்று பல ஆயிரம் ரூபாய் கேட்கிறவர்கள் வந்தால் இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

2020-இல் 121 ஆய்வுகளையும் அவற்றில் இருந்த ஏறத்தாழ 22,000 பேரையும் சேர்த்துப் பார்த்தார்கள். பெயர் பெற்ற 14 டயட்டுகள். ஆறு மாதத்தில் பெரும்பாலானவற்றில் எடை குறைந்திருந்தது. பன்னிரண்டாவது மாதத்தில் அந்தப் பலன் பெரும்பாலும் கரைந்துபோயிருந்தது. ஆக, நாத்தனாரிடம் நான் கேட்க விரும்புவது அடுத்த வருடம் இதே மாதத்தில் அவர் எடை என்ன என்பதுதான். எடை குறைந்ததும் பசி கூடுகிறது, உடம்பு செலவழிக்கும் சக்தி குறைகிறது. அமெரிக்கத் தொலைக்காட்சியில் எடை குறைப்புப் போட்டியில் கலந்துகொண்ட 14 பேரை ஆறு வருடம் கழித்துப் பார்த்தபோது இழந்ததில் பெரும்பகுதி திரும்பியிருந்தது. எதிர்பார்க்கும் அளவைவிடத் தினம் சுமார் 500 கலோரி குறைவாகத்தான் உடம்பு செலவழித்துக்கொண்டிருந்தது. 'மனக்கட்டுப்பாடு இல்லை' என்று அவர்களைத் திட்டிப் பயன் இல்லை.

சர்க்கரை உள்ளவர்களுக்கு மட்டும் ஒரு சலுகை உண்டு. மாவுச்சத்தைக் குறைத்தால் எடை எப்படிப் போனாலும் சர்க்கரை இறங்கும். 23 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்த 2021 அலசலில், ஆறாவது மாதத்தில் ஹெச்பிஏ1சி 6.5-க்குக் கீழே வந்தவர்கள் மாவுச்சத்து குறைத்த பக்கம் நூற்றுக்கு 57 பேர், மறுபக்கம் 31 பேர். அங்கேயும் ஒரு வருடத்தில் இடைவெளி சுருங்கிவிட்டது. இருந்தாலும் அதனால்தான் உங்களை பேலியோ பக்கமே போகாதீர்கள் என்று நான் விரட்டவில்லை. நம் நாட்டில் சராசரியாகச் சாப்பாட்டுக் கலோரியில் 62 சதவீதம் மாவுச்சத்திலிருந்து வருகிறது. இதைக் குறைத்தே ஆக வேண்டும். சென்னை ஆய்வாளர்களும் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் சேர்ந்து 18,000 பேரின் சாப்பாட்டுக் கணக்கை வைத்து 2022-இல் போட்ட கணிப்பு, புதிதாகச் சர்க்கரை வந்தவர்கள் மாவுச்சத்தை 49 முதல் 54 சதவீதத்துக்கும், புரதத்தை 20 சதவீதத்துக்குப் பக்கத்திலும் கொண்டுவந்தால் மாத்திரை இல்லாத நிலைக்குத் திரும்ப வாய்ப்பு உண்டு என்றது. 62-லிருந்து 50. பத்துக்கு இறங்க வேண்டும் என்று அவர்கள் சொல்லவில்லை.

மாத்திரையை முதல் நாளே நிறுத்துகிற ஆய்வும் ஒன்று இருக்கிறது. ஒருவேளை கொழுந்தனார் அதைத்தான் எங்கோ கேட்டிருப்பார். பிரிட்டனில் 306 பேர். சர்க்கரை வந்து ஆறு வருடத்துக்குள் இருப்பவர்கள், இன்சுலின் போடாதவர்கள். ஒரு பாதிப் பேருக்கு மூன்று முதல் ஐந்து மாதம் வரை நாளுக்குச் சுமார் 850 கலோரி அளவில் சூப்பும் ஷேக்கும் மட்டும். சர்க்கரை, பிரஷர் மாத்திரைகளை முதல் நாளே நிறுத்தினார்கள். ஒரு வருட முடிவில் அவர்களில் 46 சதவீதம் பேர் மாத்திரை இல்லாமல் சர்க்கரை இல்லாத நிலையில் இருந்தார்கள். 15 கிலோவும் அதற்கு மேலும் குறைத்தவர்களை மட்டும் எடுத்தால் 86 சதவீதம். இரண்டாவது வருடம் மொத்தத்தில் 36 ஆக இறங்கியது. பெரிய விஷயம்தான், ஐந்து வருடச் சர்க்கரை உள்ள உங்களுக்கும் நம்பிக்கை தரும் விஷயம். ஆனால் அங்கே ஒவ்வொருவரையும் பயிற்சி பெற்ற நர்ஸோ டயட்டீஷியனோ தொடர்ந்து பார்த்தார்கள், சர்க்கரை ஏறினால் மருந்தைத் திரும்பக் கொடுக்க முறை இருந்தது, பழைய சாப்பாட்டை வாரம் வாரமாகப் படிப்படியாகத் திருப்பினார்கள். உங்களுக்கு இருப்பது ஒரு வாட்ஸ்அப் குழு.

அந்த ஷேக்குகள் வேறு, தெரிந்தவர் வீட்டுக்கு வந்து விற்கிற டப்பா வேறு என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1970-களின் கடைசியில் அமெரிக்காவில் கொலாஜனைக் கரைத்த திரவப் புரதத்தை மட்டும் குடித்து எடை குறைக்கும் மோகம் கிளம்பி, சுமார் 60 பேர் இறந்துபோனார்கள். பலருக்கு இதயத் துடிப்பு தாறுமாறாகிவிட்டது.

கம்பெனி அக்கா சொல்லும் 16 மணி நேர விரதத்தில் தனி மந்திரம் எதுவும் இல்லை. சீனாவின் குவாங்சோ நகரில் 139 பேரை இரு பிரிவாக்கி, இரண்டு பிரிவுக்கும் ஒரே அளவு கலோரியைக் குறைத்து, ஒரு பிரிவை மட்டும் காலை 8 முதல் மாலை 4-க்குள் சாப்பிடச் சொன்னார்கள். ஒரு வருடத்தில் நேரக்கட்டு வைத்தவர்கள் 8 கிலோ, மற்றவர்கள் 6.3 கிலோ குறைத்தார்கள்; புள்ளியியல் கணக்கில் இரண்டும் ஒன்றே. ராத்திரி டிவி முன்னால் கொறிக்கும் பழக்கம் உள்ளவர்களுக்கு நேரக்கட்டு உதவும். உங்களுக்கு? காலையில் கிளிமிபிரைடு போட்டுவிட்டு மதியம் 12 வரை வெறும் வயிற்றோடு செக்கிங் டேபிளில் நிற்பது வேண்டவே வேண்டாம். கிருத்திகை, சஷ்டி என்று விரதம் இருக்கிற வழக்கம் இருந்தால் அதையும் டாக்டரிடம் சொல்லிவிடுங்கள்.

ஜிஎம் டயட்டுக்கு அரைப் பத்தி போதும். ஜெனரல் மோட்டார்ஸ் (ஜிஎம்) என்ற அமெரிக்க கார் கம்பெனி இதை உருவாக்கியது என்பதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. முதல் நாள் பழம் மட்டும், நான்காம் நாள் வாழைப்பழமும் பாலும் என்று போகிற பட்டியல், சர்க்கரை மாத்திரை சாப்பிடுகிறவருக்கு ஒரே வாரத்தில் ஏற்றமும் இறக்கமும் காட்டிவிடும். எட்டாம் நாள் தண்ணீர் எடை திரும்பிவிடும்.

வீட்டுக்காரர் சொல்வதில் பாதி சரி. சாமை, வரகு, ராகியில் நார்ச்சத்து கூடுதல், அரிசியைவிட மெதுவாகச் சர்க்கரை ஏறும். ஆனால் மாவுச்சத்து அரிசிக்கு ரொம்பப் பின்னால் இல்லை. நூறு கிராம் அரிசியில் 78 கிராம் என்றால் ராகியில் 70 கிராமுக்குப் பக்கம். 'சிறுதானியம்தானே' என்று இரண்டு உருண்டை களி சாப்பிட்டால் கணக்கு நேராகிவிடும். கொழுத்தவனுக்குக் கொள்ளு என்று சொல்லிவைத்தவர்கள் தானியத்தைச் சொல்லாமல் பயறைச் சொன்னார்கள். கொள்ளில் நூறு கிராமுக்கு 22 கிராம் அளவில் புரதம் இருக்கிறது.

கிட்னி பயத்துக்கு வருவோம். நல்ல சிறுநீரகத்தை முட்டையும் கோழியும் கெடுத்துவிடும் என்பதற்கு உறுதியான சான்று இல்லை. ஆனால் ஐந்து வருடச் சர்க்கரையும் பிரஷரும் இருக்கும் உங்களுடையது நல்ல சிறுநீரகமா என்று யாரும் பார்த்திருக்கிறார்களா? ரத்தத்தில் கிரியாட்டினின், சிறுநீரில் அல்புமின் என்ற புரதம் இரண்டையும் பாருங்கள். அல்புமின் ஒழுகுகிறது என்றால் புரதத்தின் அளவை டாக்டர் நிர்ணயிக்கட்டும். சிறுநீரகக் கல் வந்த சரித்திரம் இருந்தால் நூறு பாதாமைத் தொடாதீர்கள், கல்லை உண்டாக்கும் ஆக்சலேட் அதில் அதிகம். கல் இல்லாவிட்டாலும் நூறு எதற்கு என்று எனக்குப் புரிந்ததில்லை. 120 கிராம், 700 கலோரி, அதில் கிடைக்கிற புரதம் 25 கிராம். நான்கு முட்டையில் அதே புரதம் பாதிக்கும் குறைவான கலோரியில், மிகக் குறைந்த விலையில் கிடைத்துவிடும். இருபது பாதாம் போதும்.

கொலஸ்ட்ராலைப் பற்றி பேலியோ குழுக்களில் சொல்வதில்தான் எனக்குப் பெரிய சண்டை. இந்தச் சாப்பாட்டில் டிரைகிளிசரைடு என்ற ரத்தக் கொழுப்பு குறையும், எச்டிஎல் என்ற நல்ல கொலஸ்ட்ரால் ஏறும். இது உண்மை, நல்லதும்கூட. சிலருக்கு எல்டிஎல் என்ற கெட்ட கொலஸ்ட்ரால் கிடுகிடுவென்று ஏறிவிடுகிறது என்பதும் உண்மை. 'எல்டிஎல் ஏறினால் பரவாயில்லை, அது நல்ல ரகம்' என்று அங்கே ஆறுதல் சொல்வார்கள். நாற்பது வயதிலேயே மாரடைப்பு வருகிற ஊரில், சர்க்கரையும் பிரஷரும் சேர்ந்த ஒருவருக்கு இந்த ஆறுதலை நான் சொல்ல மாட்டேன். ஆரம்பிக்கும் முன் ஒரு முறை, மூன்று மாதம் கழித்து ஒரு முறை பாருங்கள். ஏறியிருந்தால் பட்டர் டீயும் நெய்யும் போக வேண்டும். அந்த இடத்துக்கு மீன், கடலை, நல்லெண்ணெய் வரட்டும். டாக்டர் கொலஸ்ட்ரால் மாத்திரை எழுதினால் மறுக்காதீர்கள்.

முடி பற்றி: கொட்டலாம். வேகமாக எடை குறைந்தால் இரண்டாவது, மூன்றாவது மாதத்தில் கொத்துக் கொத்தாகக் கொட்டும், பெரும்பாலும் சில மாதத்தில் திரும்ப வளரும். புரதமும் இரும்புச்சத்தும் குறைந்திருந்தால் கொட்டுவது கூடும். ஃபெரிட்டினும் (உடம்பின் இரும்புச் சேமிப்பு) தைராய்டும் பார்த்து வையுங்கள். முடியைவிட நான் கவலைப்படுவது பித்தப்பையைப் பற்றி. வாரத்துக்கு ஒன்றரைக் கிலோவுக்கு மேல் இறங்குகிறவர்களுக்குப் பித்தக் கல் உருவாகும் வாய்ப்பு கூடுகிறது. வலது பக்க விலாவுக்குக் கீழே, சாப்பிட்ட பிறகு, முதுகுக்குப் பரவுகிற மாதிரி வலி வந்தால் கேஸ் என்று விட்டுவிடாதீர்கள்.

இனி நான் என்ன செய்யச் சொல்வேன் என்று கேட்டால், கீட்டோ அளவுக்கு 30, 40 கிராமுக்கு இறங்காமல், நாள் முழுவதற்கும் மாவுச்சத்தை 100 முதல் 130 கிராமுக்குள் நிறுத்தச் சொல்வேன். இதுவே இப்போது நீங்கள் சாப்பிடுவதில் பாதிக்குக் குறைவாக இருக்கலாம். கீட்டோன் ஆபத்து பெரிதும் குறையும். கிளிமிபிரைடை மட்டும் இதற்கும் குறைக்க வேண்டி வரலாம். இன்னொரு காரணமும் இருக்கிறது. இப்போதிலிருந்து தைக்குள் நடுவில் புரட்டாசி வருகிறது. உங்கள் வீட்டில் அசைவம் நிற்கும் என்றால், முழுக்க முழுக்கக் கறியையும் முட்டையையும் நம்பிய டயட் அங்கேயே நின்றுவிடும்.

காலையில் இரண்டு இட்லி அல்லது ஒரு தோசை, கூடவே கெட்டியான சாம்பார், இரண்டு முட்டை. புரட்டாசியில் முட்டைக்குப் பதில் ஒரு கப் சுண்டலோ பனீரோ. மதியம் ஒரு கப் சோறு, குவிக்காமல். அது சுமார் 40 கிராம் மாவுச்சத்து. சோற்றைவிடப் பொரியலும் கூட்டும் கூடுதலாக இருக்கட்டும்; உருளைக்கிழங்கு பொரியல் இந்தக் கணக்கில் சேராது. கோழி, மீன், கொள்ளுப் பருப்பு, சோயா, தயிர் என்று ஏதாவது இரண்டு. ராத்திரி ஒன்றரை ஷிப்ட் முடித்து ஒன்பது மணிக்கு வந்து பசியில் நாலு பரோட்டா என்று போகாமல் இருக்க, மாலை ஆறு மணிக்கே கம்பெனியில் சுண்டலோ கடலையோ ஒரு கை சாப்பிட்டுவிடுங்கள். வீட்டுக்கு வந்து ஒரு சப்பாத்தி, காய், முட்டை. நாளுக்கு 60 முதல் 70 கிராம் புரதம் வர வேண்டும், அல்புமின் பரிசோதனை சரியாக இருந்தால். டீயை எழுதவில்லை நீங்கள். திருப்பூரில் டீ இல்லாத ஷிப்ட் கிடையாது என்று எனக்குத் தெரியும். நாலு டீ, ஒவ்வொன்றிலும் இரண்டு ஸ்பூன் என்றால் 35, 40 கிராம் சர்க்கரை டம்ளரிலேயே போகிறது. சோற்றில் கை வைப்பதற்கு முன் இதில் வையுங்கள். டீயோடு வருகிற பன்னையும் வடையையும் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

எடை குறையும்போது கால்வாசி வரை தசையாகப் போகலாம். தசை போனால் சர்க்கரையை உறிஞ்சும் இடமே போகிறது. அதனால் நடை மட்டும் போதாது. நாற்காலியிலிருந்து கையை ஊன்றாமல் எழுந்து உட்காருவது, சுவரைத் தள்ளுவது, தண்ணீர் பாட்டிலைத் தூக்குவது என்று வாரத்தில் மூன்று நாள் செய்யுங்கள். சாப்பிட்ட பின் பத்துப் பதினைந்து நிமிடம் நடங்கள். கம்பெனி காம்பவுண்டே போதும்.

வாரம் அரைக் கிலோ வீதம் போனால் தை மாதத்துக்குள் எட்டு, பத்துக் கிலோ. 14 இல்லை. ஆனால் 82-இல் எட்டு என்பது பத்தில் ஒரு பங்கு. அந்த அளவுக்கே ஹெச்பிஏ1சியிலும் பிரஷரிலும் நல்ல மாற்றம் தெரியும். கல்யாண ரவிக்கைக்கு இப்போதே அளவு கொடுத்துவிடாதீர்கள், மார்கழியில் கொடுங்கள்.

டாக்டரிடம் போகும்போது எல்லா மாத்திரை அட்டைகளையும் எடுத்துக்கொண்டு போங்கள். 'சாப்பாட்டில் மாவுச்சத்தைப் பாதியாகக் குறைக்கப் போகிறேன், எதை எவ்வளவு மாற்ற வேண்டும்' என்று இந்த வார்த்தைகளிலேயே கேளுங்கள். 'டயட் இருக்கலாமா' என்று கேட்டால் 'இருங்க இருங்க' என்று சொல்லிவிடுவார்கள். முதல் இரண்டு வாரம் காலை வெறும் வயிற்றிலும், மதியச் சாப்பாட்டுக்கு முன்பும், இரவு படுக்கும் முன்பும் சர்க்கரை பார்த்து எழுதி வையுங்கள். டாபாகிளிஃப்ளோசின் தொடர்கிறது என்றால், வாந்தி, வயிற்று வலி, மூச்சு வாங்குதல், காரணமில்லாத அசதி இவற்றில் எது வந்தாலும், மெஷினில் சர்க்கரை எவ்வளவு காட்டினாலும், மாத்திரையை நிறுத்திவிட்டு அவசரப் பிரிவுக்குப் போய் மாத்திரையின் பெயரைச் சொல்லி ரத்தத்தில் கீட்டோன் பார்க்கச் சொல்லுங்கள்.

கடைசியாக மகள். 160 செ.மீ. உயரத்துக்கு 58 கிலோ என்றால் பிஎம்ஐ (உயரத்துக்கேற்ற எடைக் கணக்கு) 22.7. இந்தியர்களுக்கு வைத்திருக்கும் 23 என்ற எல்லைக்குள்தான் இருக்கிறாள். அவள் குறைக்க ஒன்றும் இல்லை. கல்யாணத்துக்கு முன் மூன்று மாதம் பட்டினி கிடந்து, முடி கொட்டி, மாதவிலக்கு தள்ளிப்போய், ரத்தம் குறைந்து மணமேடைக்கு வருகிற பெண்களை வருடா வருடம் பார்க்கிறோம். உங்களோடு உட்கார்ந்து அதே காய், முட்டை, சுண்டலைச் சாப்பிடட்டும்; சோற்றைக் குறைக்க வேண்டாம். ஹீமோகுளோபினும், அம்மாவுக்குச் சர்க்கரை இருப்பதால் ஒரு முறை சர்க்கரையும் பார்த்துவிடுங்கள். கல்யாணத்துக்குப் பிறகு குழந்தையைத் தள்ளிப்போடுவதாக இல்லை என்றால், கருத்தரிப்பதற்குக் குறைந்தது ஒரு மாதம் முன்பிருந்தே தினமும் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் எடுக்க வேண்டும். தை மாதக் கல்யாணம் என்றால் மார்கழி பிறந்ததும் ஆரம்பிக்கச் சொல்லுங்கள்.